ஏழு நாளில் போன ஊழியம்

பவுலா ஸ்டோன் வில்லியம்ஸ் தம் வேலைகள் அனைத்தையும் இழக்க ஏழு நாள் போதுமானதாக இருந்தது. வேலைகள் என்று பன்மையில் சொல்வதற்குக் காரணம் உண்டு. அமெரிக்காவில் புதிய சபைகளை நிறுவும் ‘ஆர்ச்சர்ட் குரூப்’ என்ற அமைப்பின் தலைவர் அவர். ‘கிறிஸ்டியன் ஸ்டாண்டர்ட்’ இதழில் தொடர்ந்து பத்தி எழுதினார். ஆயிரக்கணக்கானோர் கூடும் பெருஞ்சபைகளில் பிரசங்கித்தார். கிறிஸ்தவத் தொலைக்காட்சியில் நிகழ்ச்சி நடத்தினார். அதுவரை பால் வில்லியம்ஸ் என்ற ஆணாக அறியப்பட்டிருந்த அவர், தாம் ஒரு பெண் என்பதைச் சக ஊழியர்களிடம் சொன்னார். 2012 முடிந்து 2013 பிறக்கும் காலம் அது. வயது அறுபதைத் தாண்டியிருந்தது. முப்பது ஆண்டுகளுக்கு மேல் எழுப்பிய கட்டடம் ஒரே வாரத்தில் கைவிட்டுப் போனது.

அந்த வாரத்தில் போகாத ஒன்றும் இருந்தது. அவர் மூன்று பிள்ளைகளின் பெற்றோர். இருவர் பெற்ற பிள்ளைகள், மூன்றாமவர் இந்தியாவிலிருந்து தத்தெடுத்த மகள். போதகர் என்ற பட்டமும் தத்துப் பெற்றோர் என்ற நிலையும் ஒரு விதத்தில் ஒரே இனம். இரண்டும் பிறப்பால் வருவதில்லை, யாரோ கூடிப் பேசிக் கையெழுத்திட்டுத் தருவதால் வருகின்றன. ஒரே மனிதருக்குக் கிடைத்த இரண்டு கையெழுத்துகளில் ஒன்று ஏழு நாளில் அழிந்தது, மற்றொன்று நின்றது. ஏன் என்று தேடிப்போனால் இறையியலைவிட அதிகமாகச் சட்டமும் சபை நிர்வாக முறையும்தான் எதிர்ப்படுகின்றன.

அவருடைய சபை மரபிலிருந்து தொடங்க வேண்டும். தந்தை ஒரு போதகர். கென்டக்கி மாநிலத்தின் கிரேசன் என்ற சிற்றூரில் உள்ள கிறிஸ்தவக் கல்லூரியில் மகன் படித்தார். குடும்பம் சார்ந்திருந்தது ‘சுயாதீனக் கிறிஸ்தவ சபைகள்’ என்னும் பிரிவு. 1801இல் கென்டக்கியின் கேன் ரிட்ஜில் நடந்த மாபெரும் எழுப்புதல் கூட்டத்தையும், பார்ட்டன் ஸ்டோன், அலெக்சாண்டர் கேம்பல் என்ற இரு தலைவர்களையும் மூலமாகக் கொண்ட மரபு அது. புதிய ஏற்பாட்டுக் காலத்துச் சபையை அப்படியே மீட்டெடுப்பது அதன் கனவு. ஆகவே பேராயர் கிடையாது, சினாடு கிடையாது, மத்தியத் தலைமையகம் கிடையாது. ஒவ்வொரு சபையும் தன் மூப்பர்களைக் கொண்டு தன்னையே ஆண்டுகொள்ளும். நம்மூரில் சி.எஸ்.ஐ. திருமண்டலத் தேர்தல்களின் ஆரவாரத்தைப் பார்த்துச் சலித்தவர்களுக்கு இது சுதந்திரமாகத் தோன்றலாம். அந்தச் சுதந்திரத்துக்கு ஒரு விலை உண்டு. அதைப் பிறகு சொல்கிறேன்.

மூன்று நான்கு வயதிலேயே தாம் பெண் என்று தெரிந்திருந்ததாக வில்லியம்ஸ் பின்னாளில் மேடைகளில் சொன்னார். ஒரு தேவதை வந்து, ஆணாக இருக்க விருப்பமா பெண்ணாக இருக்க விருப்பமா என்று கேட்கும் என அந்தக் குழந்தை காத்திருந்ததாம். தேவதை வரவில்லை. பிள்ளை வளர்ந்து வானொலி அறிவிப்பாளராகி, போதகராகி, திருமணம் செய்து, நியூயார்க்குக்குப் போய்ச் சபைகளைக் கட்டத் தொடங்கியது. ஆள் உயரம், கணீர்க் குரல், நிர்வாகத் திறமை. சுவிசேஷ உலகம் தன் தலைவர்களிடம் எதிர்பார்க்கும் எல்லாமே இருந்தன.

குழந்தையைத் தத்தெடுத்த கதையில் இந்தியச் சட்டமும் ஒரு பாத்திரம். 1956ஆம் ஆண்டின் இந்துத் தத்தெடுப்பு, ஜீவனாம்சச் சட்டம் இந்துக்கள், பௌத்தர்கள், சமணர்கள், சீக்கியர்களுக்கு மட்டுமே உரியது. கிறிஸ்தவர்களுக்கும் முஸ்லிம்களுக்கும் பார்சிகளுக்கும் இந்த நாட்டில் முழுமையான தத்தெடுப்புச் சட்டம் நெடுங்காலம் இல்லை. 1890ஆம் ஆண்டின் பாதுகாவலர் சட்டத்தின் கீழ் ‘பாதுகாவலர்’ ஆகலாம், அவ்வளவுதான். பிள்ளை வயதுக்கு வந்ததும் அந்த உறவு சட்டப்படி முடிந்துவிடும். 2000இல் வந்த சிறார் நீதிச் சட்டமும் 2006இல் அதற்கு வந்த திருத்தமும்தான் மதம் பார்க்காத தத்தெடுப்புக்கு வழி திறந்தன. அதற்கு முன் வெளிநாட்டுத் தம்பதியினர் வந்தால், இந்திய நீதிமன்றம் அவர்களைப் பாதுகாவலராக நியமித்துக் குழந்தையை அனுப்பிவைக்கும். தத்தெடுப்பு அவர்கள் நாட்டு நீதிமன்றத்தில் நடக்கும். இந்த ஏற்பாட்டில் குழந்தைக் கடத்தலும் பணமும் புகுந்துவிடாதிருக்க 1984இல் லட்சுமிகாந்த் பாண்டே வழக்கில் உச்ச நீதிமன்றம் விரிவான விதிமுறைகளை வகுத்தது. வெளிநாட்டுத் தம்பதியினர் அனைவரிடமும் போலவே, போதகர் வில்லியம்ஸிடமும் மனைவியிடமும் கோப்புகளில் கேட்கப்பட்டிருக்கக்கூடிய கேள்விகள் வருமானம், உடல்நலம், திருமணம், நன்னடத்தை ஆகியவை பற்றியவை. போதகர் என்ற பதவி அங்கே நற்சான்றிதழாகத்தான் இருந்திருக்கும்.

இதில் தமிழ்க் கிறிஸ்தவர்கள் கவனிக்க ஒரு முரண் இருக்கிறது. ரோமருக்கும் கலாத்தியருக்கும் பவுல் எழுதிய நிருபங்களில் மீட்பை விளக்கக் கையாளும் உருவகங்களில் ஒன்று தத்தெடுப்பு. நம் வேதாகமத்தில் ‘புத்திர சுவிகாரம்’ என்று வரும். அதை வைத்து நம் சபைகளில் எத்தனையோ ஞாயிற்றுக்கிழமைகள் பிரசங்கம் நடந்திருக்கிறது. அந்தப் பிரசங்கத்தைக் கேட்டு வீட்டுக்குப் போன குழந்தையில்லாத் தம்பதி ஒரு பிள்ளையைச் சுவிகாரம் எடுக்க நினைத்தால், இருபதாம் நூற்றாண்டு முழுவதும் நாட்டின் சட்டம் அவர்களுக்கு இடம் தரவில்லை. ரோமச் சட்டத்தில் தத்துப்பிள்ளைக்கு முழு வாரிசுரிமை உண்டு. பவுல் அந்த உருவகத்தைத் தேர்ந்ததற்கு அதுவும் காரணமாக இருக்கலாம் என்பது வேத அறிஞர்கள் பலரின் கருத்து. ரோமப் பேரரசு கொடுத்ததை இந்தியக் குடியரசு தன் கிறிஸ்தவக் குடிமக்களுக்குக் கொடுக்க ஐம்பது ஆண்டுகள் ஆயின.

வில்லியம்ஸின் கதைக்குத் திரும்புவோம். வெளியே சொல்லும் துணிவு எங்கிருந்து வந்தது என்பதற்கு அவர் தரும் விளக்கம் எனக்கு வியப்பளித்தது. ‘லாஸ்ட்’ என்ற தொலைக்காட்சித் தொடரின் கடைசிப் பருவம் 2010இல் ஓடிக்கொண்டிருந்தது. தான் ஒரு காரியத்துக்காக அழைக்கப்பட்டவன் என்பதையும், அந்த அழைப்பு தன்னைச் சாவுக்குக் கொண்டுபோகும் என்பதையும் அதன் நாயகன் உணர்கிறான். அதைப் பார்த்து அவர் உடைந்து அழுதார். அழைப்பு என்பது சுவிசேஷ சபைகளின் உயிர்நாடியான கருத்து. ஊழியத்துக்கு வருகிற ஒவ்வொருவரும் தாம் அழைக்கப்பட்ட கதையைச் சாட்சியாகச் சொல்ல வேண்டும். ஊழியத்துக்குள் வரப் பயன்பட்ட அதே இலக்கணத்தில்தான் அவர் ஊழியத்தை இழக்கப்போகும் முடிவையும் எடுத்தார். சபையின் கருத்துலகத்தை விட்டு அவர் வெளியேறவில்லை. அதன் சொற்களை அதன் தலைவர்களைவிடக் கண்டிப்பாகக் கடைப்பிடித்தார் என்றே எனக்குப் படுகிறது.

பிறகு அந்த ஏழு நாள். அமெரிக்கச் சட்டம் அவருக்கு எந்த வகையிலும் உதவியிருக்காது. ஒரு லுத்தரன் பள்ளி, உடல்நலக் குறைவால் விடுப்பில் போய்த் திரும்பிய ஆசிரியையை வேலைநீக்கம் செய்தது. ‘ஹோசானா-டேபர்’ எனப்படும் அந்த வழக்கில் 2012 ஜனவரி 11 அன்று உச்ச நீதிமன்றம் ஒருமனதாகத் தீர்ப்பளித்தது. மத நிறுவனம் தன் ஊழியர்களாகக் கருதுவோரை நியமிப்பதிலும் நீக்குவதிலும் பாகுபாட்டுத் தடைச் சட்டங்கள் தலையிட முடியாது என்பது அதன் சாரம். மதத்தை அரசிடமிருந்து காக்க எழுந்த கோட்பாடு இது. அதற்கு நியாயமும் உண்டு: ஒரு திருச்சபை யாரைப் போதகராக்க வேண்டும் என்று அரசு சொல்லும் நாட்டில் வாழ நம்மில் பெரும்பாலோர் விரும்பமாட்டோம். அதே கோட்பாட்டின்படி போதகருக்கு வெளியே முறையிட வாசல் இல்லை. எட்டு ஆண்டு கழித்து 2020 ஜூன் 15 அன்று ‘போஸ்டாக்’ தீர்ப்பு திருநர்களை வேலைநீக்கம் செய்வது பாலினப் பாகுபாடே என்று அறிவித்தது. அந்தத் தீர்ப்பு முடித்துவைத்த வழக்குகளில் ஒன்றின் மையமான ஏமி ஸ்டீபன்ஸ், மிச்சிகனில் ஈமச் சடங்கு இல்லம் ஒன்றில் பணிபுரிந்த திருநங்கை. தீர்ப்பு வருவதற்கு ஒரு மாதம் முன் இறந்துபோனார். பிணத்தைக் குளிப்பாட்டுபவருக்குக் கிடைத்த அந்தப் பாதுகாப்பு, பிணத்தருகே ஜெபம் செய்யும் போதகருக்கு இன்றும் இல்லை. அடுத்த மாதமே இன்னொரு வழக்கில் உச்ச நீதிமன்றம் மத விலக்கின் எல்லையை மேலும் விரித்தது.

வெளியே வாசல் இல்லை என்றால் உள்ளேயாவது ஒரு வாசல் இருந்திருக்க வேண்டும். இங்கேதான் பேராயர் இல்லாத சுதந்திரத்தின் விலை தெரிகிறது.

வேறு சபைகளில் என்ன நடந்தது என்று பாருங்கள். எரின் ஸ்வென்சன் 1973இல் குருப்பட்டம் பெற்ற பிரஸ்பிட்டேரியன் போதகர், குடும்ப ஆற்றுப்படுத்துநர். பாலின மாற்றத்துக்குப் பின் தம் பெயரைச் சபைப் பதிவேட்டில் மாற்றித் தரும்படி அட்லாண்டா வட்டாரப் பேரவையைக் கேட்டார். பேரவை ஓராண்டுக்கு மேல் பேசியது, குழு போட்டது, அவரை அழைத்து விசாரித்தது. 1996 அக்டோபரில் வாக்கெடுப்பு நடந்தது. 186க்கு 161 என்ற கணக்கில் அவருடைய குருப்பட்டம் நிலைத்தது. எதிர்த்து வாக்களித்த 161 பேரும் அவர் முகத்தைப் பார்த்து, வாதத்தைக் கேட்டு, பிறகுதான் கை உயர்த்த வேண்டியிருந்தது.

இங்கிலாந்துத் திருச்சபையில் கேரல் ஸ்டோன் 2000இல் பாலின மாற்றம் செய்துகொண்டபோது பிரிஸ்டல் பேராயர் அவருக்குத் துணை நின்றார். ஸ்விண்டன் நகரில் தம் பழைய பங்குக்கே திரும்பி, 2014இல் இறக்கும்வரை அங்கே ஆயராக இருந்தார். பால்டிமோரில் ட்ரூ பீனிக்ஸ் என்ற திருநம்பிப் போதகரை அவருடைய பேராயர் 2007இல் மறுபடியும் அதே சபைக்கு நியமித்தார். எதிர்ப்பு எழுந்தது. வழக்கு ஐக்கிய மெதடிஸ்ட் திருச்சபையின் உச்ச நீதிக் குழுவுக்குப் போயிற்று. திருநர் போதகராகலாமா கூடாதா என்ற கேள்விக்குள் அந்தக் குழு போகவே இல்லை. முறையான விசாரணை நடந்து குற்றம் நிலைநாட்டப்படாமல் ஒரு போதகரின் நல்நிலையைப் பறிக்க முடியாது என்று மட்டும் சொன்னது. பீனிக்ஸ் காப்பாற்றப்பட்டது இறையியலால் என்று சொல்ல முடியாது, நடைமுறை விதியால்தான். இத்தனைக்கும் ஒருபாலுறவாளர் போதகராக 2024 வரை தடை வைத்திருந்த திருச்சபை அது.

இவர்களில் என் மனத்தில் தங்குபவர் டேவிட் வீக்லி. 1970களிலேயே பாலின மாற்றம் செய்துகொண்ட திருநம்பி. மெதடிஸ்ட் போதகராக 27 ஆண்டுகள் யாரிடமும் சொல்லாமல் ஊழியம் செய்தார். 2009 ஆகஸ்ட் 30, ஞாயிற்றுக்கிழமை, ஒரிகன் மாநிலத்தின் போர்ட்லாந்தில் உள்ள எப்வொர்த் சபையில் பிரசங்க பீடத்திலிருந்து சொல்லிவிட்டார். அது ஜப்பானிய அமெரிக்கர்கள் நிறைந்த சபை. இரண்டாம் உலகப் போர்க் காலத்தில் அவர்களுடைய சமூகம், பிறந்த நாட்டு அரசாலேயே எதிரிகள் என்று முத்திரை குத்தப்பட்டு முகாம்களில் அடைக்கப்பட்டது. அவர் சொல்லி முடித்ததும் சபையார் கைதட்டினார்கள். பெயரையும் முகத்தையும் வைத்து அரசு ஒருவரை இன்னாரென்று தீர்மானித்தால் என்ன ஆகும் என்பது அந்தச் சபைக்கு விளக்கத் தேவையில்லாத பாடம்.

வில்லியம்ஸுக்குப் பேரவையும் இல்லை, பேராயரும் இல்லை, நீதிக் குழுவும் இல்லை. அமைப்பின் ஆட்சிக்குழு ஒன்று, இதழின் நிர்வாகம் ஒன்று, சபைகளின் மூப்பர்கள் சிலர். ஒவ்வொருவரும் தனித்தனியே முடிவெடுத்தார்கள். தனித்தனியே எடுத்ததால் வேகமாகவும் எடுக்க முடிந்தது. அவர்கள் கொடியவர்கள் என்பதற்குச் சான்று எதுவும் இல்லை. பலர் அவருடைய பல்லாண்டு நண்பர்கள். நன்கொடையாளர்கள் போய்விடுவார்கள், இணைந்த சபைகள் விலகும் என்ற அச்சம் சுயாதீன சபைகளில் ஒரு நிரந்தர நோய். தலைமையகம் இல்லாத இடத்தில் பணம் கொடுப்பவரே கண்ணுக்குத் தெரியாத தலைமையகம் ஆகிவிடுகிறார்.

இன்னொரு பூட்டும் இருந்தது, அதைப் பலர் கவனிப்பதில்லை. அந்த மூப்பர்கள் அனைவரும் ஒரே இரவில் மனம் மாறி, ‘நீங்கள் பெண் என்பதை ஏற்கிறோம்’ என்று சொல்லியிருந்தாலும் அவருக்குப் பிரசங்க பீடம் கிடைத்திருக்காது. அந்தச் சபைகளில் பெரும்பாலானவற்றில் பெண்கள் மூப்பர்களாகவோ தலைமைப் போதகர்களாகவோ ஆக முடியாது. ஆண் என்று நம்பினால் வேடதாரி, பெண் என்று நம்பினால் பெண். இரண்டு வழியிலும் கதவு ஒன்றுதான், அது அடைத்தே இருந்தது. 2017இல் டென்வரில் நடந்த டெட்எக்ஸ் மேடையில் அவர் ஆணாகவும் பெண்ணாகவும் வாழ்ந்ததை ஒப்பிட்டுப் பேசியது உலகெங்கும் பரவியது. விமானத்தில் தம் இருக்கைக்கே உரிமை கோர முடியாமல் போனது, பேசத் தொடங்கினால் குறுக்கே வெட்டிப் பேசுவது என்று சின்னச் சின்ன அனுபவங்களை அடுக்கினார். அவர் சொன்னதில் புதிது எதுவும் இல்லை. பெண்கள் காலங்காலமாகச் சொல்லிவருவதுதான். முன்னாள் பெருந்தலைவர் ஒருவர் சொன்னபோது உலகம் காதுகொடுத்தது என்பதே அவருடைய வாதத்துக்குச் சிறந்த சான்று. அந்தச் சங்கடத்தை அவரும் அறிந்தேயிருக்கிறார். தாம் ஆணாக இருந்த காலத்து அதிகாரத்தின் மிச்சம் தம் குரலில் இன்னும் ஒட்டியிருக்கிறது என்பதை அவர் மறைப்பதில்லை. 2021இல் வந்த அவருடைய ‘ஆஸ் எ உமன்’ என்ற தன்வரலாற்றின் துணைத்தலைப்பே அதிகாரத்தையும் ஆணாதிக்கத்தையும் பற்றியது.

பிள்ளைகளின் பக்கம் என்ன நடந்தது என்பதை மகன் ஜொனாதன் வில்லியம்ஸ் தம் நூலில் பதிவு செய்திருக்கிறார். அவரும் போதகர், நியூயார்க்கின் புரூக்ளினில் ஃபோர்ஃபிரண்ட் சபையை நடத்தியவர். அந்தச் சபை எழுந்ததே தந்தையின் அமைப்பு தந்த ஆதரவில்தான். அப்பா சொன்ன செய்தி அவரை நிலைகுலையச் செய்தது. கோபம், துக்கம், தன் குழந்தைப்பருவமே பொய்யோ என்ற ஐயம். செத்துப்போகாத அப்பாவுக்குத் துக்கம் அனுசரிப்பது எப்படி என்று தெரியாத நிலை. மாதங்கள் ஆயின. பிறகு தம் சபையை எல்லாப் பாலினத்தாரையும் முழுமையாக ஏற்கும் சபையாக அறிவித்தார். நிதி ஆதரவை இழந்தார், சபையாரில் பலரை இழந்தார். 2018இல் அவர் வெளியிட்ட நூலுக்கு ‘அவள்தான் என் அப்பா’ என்ற பொருளில் தலைப்பு வைத்தார். அதே ஆண்டு தந்தையும் மகனும் டெட்விமன் மேடையில் சேர்ந்து பேசினார்கள். நாற்பது ஆண்டு மணவாழ்க்கை தம்பதியராகத் தொடரவில்லை, மனைவியுடனான நட்பு தொடர்ந்தது. பேத்திகள் தாத்தாவையும் விடாமல் பவுலாவையும் விடாமல் ‘கிராம்பவுலா’ என்று கூப்பிடத் தொடங்கினார்கள். பெரியவர்கள் ஆண்டுக்கணக்கில் முட்டிமோதிய சிக்கலைக் குழந்தைகள் ஒரு மதியத்தில் தீர்த்துவிடுவார்கள் போலும்.

தத்து மகளைப் பற்றி இங்கே அதிகம் எழுதப்போவதில்லை. அவர் பொதுவாழ்வில் இருப்பவர் அல்லர். ஆனால் வெள்ளையர் குடும்பத்தில் வளர்ந்த மாநிற மகள், ஓர் அறைக்குள் நுழையும்போது தம் தோற்றம் எப்படித் தம்மைவிட முந்திக்கொண்டு போகிறது என்பதை அந்தக் குடும்பத்தில் மற்றவர்களுக்கு முன்பே அறிந்தவராக இருந்திருப்பார். வில்லியம்ஸ் தம் பேச்சுகளில் அந்த மாநிற மகளைக் குறிப்பிட்டு, தாம் ஆணாக இருந்தபோது கண்ணில் படாமலே போனவற்றைச் சொல்வதுண்டு.

அவர் பெற்றோராக நீடித்தது சட்டத்தாலா அன்பாலா? பிள்ளைகள் மூவரும் வளர்ந்தவர்கள் என்பதால் எந்த நீதிமன்றமும் அதைத் தொட வேண்டியிருக்கவில்லை. அவர்கள் சிறுவயதினராக இருந்திருந்தால் கதை வேறு மாதிரி போயிருக்கலாம். 1986இல் நெவாடா மாநில உச்ச நீதிமன்றம் ‘டேலி’ வழக்கில், பாலின மாற்றம் செய்துகொண்ட ஒருவருக்குத் தாம் பெற்ற மகள் மீதிருந்த உரிமையையே முழுதாக ரத்து செய்வதை உறுதிப்படுத்தியது. பெற்ற உறவையே அறுக்கலாம் என்றால் தத்துறவு எம்மாத்திரம்? ஆனால் வில்லியம்ஸ் வாழும் கொலராடோவில், அதற்குப் பதின்மூன்று ஆண்டு முன்பே, 1973இல், மேல்முறையீட்டு நீதிமன்றம் நேர்மாறாகச் சொல்லியிருந்தது. நான்கு மகள்களை வளர்த்துவந்த தாய் ஆணாக மாறினார் என்பதற்காகப் பிள்ளைகளை அவரிடமிருந்து பிரிக்க முடியாது என்று தீர்ப்பு. அக்காலத்தை நினைத்தால் நம்பக் கடினமான தெளிவு.

புளோரிடாவின் மைக்கேல் கான்டராஸ் வழக்கு தத்தெடுப்பையே நடுவில் வைத்தது. அவர் திருநம்பி. மணந்த பெண்ணுக்கு ஏற்கெனவே பிறந்திருந்த குழந்தையைத் தத்தெடுத்தவர், பிறகு செயற்கைக் கருத்தரிப்பில் பிறந்த குழந்தைக்கும் தந்தை. மணமுறிவில் 2003இல் கீழ்நீதிமன்றம் நூற்றுக்கணக்கான பக்கத் தீர்ப்பில் பிள்ளைகளை அவரிடம் ஒப்படைத்தது. மறு ஆண்டு மேல்முறையீட்டில் திருமணமே செல்லாது என்று ஆனது, ஏனென்றால் சட்டத்தின் கண்ணில் அவர் பெண். 2005இல் இரு தரப்பும் உடன்பட்டுப் பிள்ளைகளைப் பகிர்ந்துகொண்டன. ஆக, நீதிமன்றக் கையெழுத்து திருச்சபைக் கையெழுத்தைவிட உறுதியானது என்ற என் கருத்துக்கு நானே ஒரு திருத்தம் போட வேண்டியிருக்கிறது. அழிக்க வேண்டுமானால் நீதிமன்றம் இரண்டு தரப்பையும் கூண்டேற்றி, காரணம் எழுதி, மேல்முறையீட்டுக்கு இடம்விட்டுத்தான் அழிக்க வேண்டும். அந்தத் தாமதத்தில்தான் கான்டராஸ் குடும்பம் ஓர் உடன்பாட்டுக்கு வர முடிந்தது. ஏழு நாளில் அது நடந்திருக்காது.

வில்லியம்ஸ் பதவி இழந்த அதே காலத்தில் அமெரிக்கச் சுவிசேஷ உலகம் தத்தெடுப்பைக் கொண்டாடிக்கொண்டிருந்தது. 2009இல் சதர்ன் பாப்டிஸ்ட் மாநாடு, தத்தெடுப்பை ஊக்குவித்துத் தீர்மானம் போட்டது. ரஷ்யாவிலிருந்து இரண்டு சிறுவர்களைத் தத்தெடுத்த இறையியலாளர் ரசல் மூர் அதே ஆண்டில் எழுதிய நூல், தத்தெடுப்பைச் சுவிசேஷத்தின் சாரம் என்றே வாதிட்டது. இதன் இருண்ட பக்கத்தை, ஏழை நாடுகளில் பெற்றோர் உள்ள பிள்ளைகளும் ‘அநாதை’களாகக் கணக்கில் ஏற்றப்பட்டதை, 2013இல் பத்திரிகையாளர் கேத்ரின் ஜாய்ஸ் விரிவாக அம்பலப்படுத்தினார். 2004இல் வெளிநாடுகளிலிருந்து ஏறக்குறைய 23,000 குழந்தைகளைத் தத்தெடுத்த அமெரிக்கா, 2023இல் 1,300க்கும் குறைவாகவே எடுத்தது. பல நாடுகள் கதவைச் சாத்திவிட்டன. உள்நாட்டிலோ யார் தத்தெடுக்கலாம் என்ற சண்டை. 2021 மார்ச்சில் பெத்தனி கிறிஸ்தவச் சேவை அமைப்பு பாலினச் சிறுபான்மையினருக்கும் தன் கதவைத் திறந்தது. மூன்று மாதம் கழித்து, அப்படித் திறக்க மறுத்த பிலடெல்பியா கத்தோலிக்க அமைப்புக்கு ஆதரவாக உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. இரண்டு அமைப்புகளும் ஒரே வேதாகமத்தைத்தான் மேற்கோள் காட்டின.

வேதாகமமும் இதில் ஒரே குரலில் பேசுவதில்லை. உறுப்பு சேதமடைந்த ஆண் கர்த்தரின் சபைக்கு உட்படலாகாது என்கிறது உபாகமம் 23. அதே அண்ணகர்களுக்குத் தம் ஆலயத்துக்குள் இடமும், குமாரர் குமாரத்திகளுக்கு உரியதைவிட மேலான பெயரும் தருவதாகக் கடவுள் வாக்களிக்கிறார் ஏசாயா 56இல். அப்போஸ்தலர் 8இல் எத்தியோப்பிய அண்ணகர் ஒருவர் தண்ணீரைக் கண்டதும், தாம் ஞானஸ்நானம் பெறத் தடை என்ன என்று கேட்கிறார். பிலிப்பு ஆட்சிக்குழுவைக் கூட்டவில்லை, தண்ணீரில் இறங்கினார். அந்த அண்ணகர் அப்போது வாசித்துக்கொண்டிருந்ததும் ஏசாயாவின் சுருள்தான்.

பதவி போன பிறகு வில்லியம்ஸ் டென்வரின் ஹைலேண்ட்ஸ் சபையில் ஏற்கப்பட்டார், அங்கே பிரசங்கித்தார். 2018இல் லாங்மாண்டில் ‘லெஃப்ட் ஹேண்ட்’ என்ற சிறு சபை தொடங்கியபோது அதன் போதகர்களில் ஒருவரானார். ஆற்றுப்படுத்தும் பணி, மேடைப் பேச்சு, லயன்ஸ் என்ற மலையடிவாரச் சிற்றூரின் மன்ற உறுப்பினர் பதவி என வாழ்க்கை வேறு தடத்தில் போனது. பெருஞ்சபைகளுக்கு அவர் திரும்பவில்லை. மேல்மட்டப் பதவிகள் திருநர்களுக்குத் திறக்கவே இல்லை என்று இதற்குப் பொருள் கொள்ளக் கூடாது. 2021இல் மேகன் ரோரர் அமெரிக்க லுத்தரன் திருச்சபையின் முதல் திருநர் பேராயரானார். ஓராண்டுக்குள், 2022 ஜூனில் பதவி விலகினார். பாலினம் அதற்குக் காரணமாகச் சொல்லப்படவில்லை. லத்தீன் மக்கள் சபை ஒன்றின் போதகரை, அம்மக்களின் பெருவிழாவான குவாடலூப்பே அன்னை திருநாளன்றே நீக்கியதாக எழுந்த இனப் பாகுபாட்டுக் குற்றச்சாட்டுதான் காரணம். விளிம்பில் இருந்து வந்தவர் கையிலும் நிர்வாக அதிகாரம் அப்படித்தான் நடந்துகொள்ளும் என்பது சங்கடமான செய்தி. ஆனால் அவரை விசாரிக்கக் குழு இருந்தது, நீக்கப்பட்டவர்கள் முறையிட இடமும் இருந்தது.

இந்தியாவுக்கு வந்தால் நிலைமை ஏறக்குறையத் தலைகீழ். செங்கல்பட்டுப் பக்கம் ஈ.சி.ஐ. திருச்சபையில் பாரதி என்ற திருநங்கை போதகரானபோது, நாட்டின் முதல் திருநங்கைப் போதகர் என்று பத்திரிகைகள் எழுதின. ஊழியக் கையெழுத்து இங்கே கிடைத்திருக்கிறது. பெற்றோர் கையெழுத்துதான் கிடைப்பதில்லை. திருநங்கையர் சமூகத்தில் மூத்தவர் இளையவரை மகளாக எடுப்பது தலைமுறை தலைமுறையாக நடக்கும் முறை. சடங்கு உண்டு, கடமை உண்டு, சாவில் ஒப்பாரி உண்டு. அரசுப் பதிவேட்டில் அந்த உறவுக்கு இடமில்லை. மும்பையில் கௌரி சாவந்த், தாயை எய்ட்ஸுக்குப் பறிகொடுத்த ஒரு சிறுமியை எடுத்து வளர்த்தார். 2017இல் ஒரு மருந்து விளம்பரம் அந்தக் கதையை நாடெங்கும் கொண்டுபோய்க் கண்ணீர் வரவழைத்தது. மூன்றாம் பாலினத்தை அங்கீகரித்த 2014 நால்சா தீர்ப்பின் வரலாற்றிலும் அவர் பெயர் உண்டு.

தமிழ்நாட்டின் முதல் திருநங்கைக் காவல் உதவி ஆய்வாளர் பிரித்திகா யாஷினி, குழந்தையைத் தத்தெடுக்க விண்ணப்பித்தார். மத்திய தத்தெடுப்பு ஆணையமான ‘காரா’ 2022இல் அதை நிராகரித்தது. அவர் சென்னை உயர் நீதிமன்றத்துக்குப் போனார். காவல் பணிக்கான தேர்வில் தம்மை அனுமதிக்கவும் இதே நீதிமன்றத்தின் படிகளைத்தான் ஏறியிருந்தார். ஆணையத்தின் விதிகள் தம்பதி, தனிப் பெண், தனி ஆண் என்றே பேசுகின்றன. தனி ஆண் பெண்குழந்தையைத் தத்தெடுக்க முடியாது. தம்பதியாயின் இரண்டு ஆண்டு நிலையான மணவாழ்க்கை வேண்டும் என்கிறது 2022 விதிமுறைகளின் 5(3)ஆம் விதி. அதை மாற்றி வாசிக்க வேண்டும் என்ற கோரிக்கை, 2023 அக்டோபர் 17 அன்று, ஒருபாலினத் திருமணத்துக்கு அங்கீகாரம் கோரிய சுப்ரியோ வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் முன் தீர்ப்புக்கு வந்தது. தலைமை நீதிபதி சந்திரசூட், நீதிபதி கௌல் இருவரும் ஏற்றார்கள், மற்ற மூவரும் மறுத்தார்கள். பிரஸ்பிட்டேரியன் பேரவையில் ஸ்வென்சனுக்கு இருபத்தைந்து வாக்கு மிச்சமிருந்தது. இங்கே ஒன்று குறைந்தது.